சான்சலுக்குத் தமிழில் என்ன? இடைக்கால இங்கிலாந்துப் பங்குக் கோயில்களும் நம் கலைச்சொற்களும்

மறு: சான்சல், நேவ், ரூட் ஸ்கிரீன் – தமிழில்?

குழும நண்பர்களுக்கு வணக்கம்.

இங்கிலாந்தின் இடைக்காலப் பங்குக் கோயில்களை, அதாவது ஊர்த் தேவாலயங்களைப் பற்றித் தம்பி எழுதும் கட்டுரைக்காகக் கேட்ட சொற்களுக்கு நிறையப் பரிந்துரைகள் வந்துவிட்டன. எல்லாவற்றையும் படித்தேன். ஒன்றை மட்டும் முதலில் எடுத்துக்கொள்கிறேன். அதைத் தீர்த்துக்கொண்டால் மற்றவை தானாக வழிக்கு வரும்.

//சான்சல் என்றால் கருவறை, நேவ் என்றால் மகாமண்டபம் என்று வைத்துவிடலாம். படிப்பவருக்கு உடனே புரியும்.//

உடனே புரியும்தான். ஆனால் தப்பாகப் புரியும். கருவறை என்றதும் நமக்கு மூலவர் குடியிருக்கும் இருண்ட சிறிய அறை, ஒற்றை வாசல், எண்ணெய் விளக்கு இவைதான் மனத்தில் எழும். சான்சல் அப்படிப்பட்ட இடமே இல்லை. கோயிலின் கிழக்குக் கோடியில் பூசை நடக்கும் பீடம், அதற்கு முன்னால் குருமாரும் பாடகரும் உட்காருவதற்கும் நிற்பதற்கும் போதிய இடம், பீடத்துக்குப் பின்சுவரில் பெரும்பாலும் அந்தக் கோயிலிலேயே மிகப் பெரிய சன்னல், காலை வெயில் நேராக உள்ளே விழும் அமைப்பு. இவ்வளவும் சேர்ந்ததுதான் சான்சல். கோயில் அமைப்போடு ஒப்பிட்டே ஆகவேண்டும் என்றால், கருவறையையும் அர்த்தமண்டபத்தையும் ஒரே அறையாக்கி வெளிச்சத்தைத் திறந்துவிட வேண்டும். ஆகமக் கட்டடக்கலையில் கருவறைக்கும் மகாமண்டபத்துக்கும் தனி இலக்கணம், தனி அளவுமுறை உண்டு. அந்தச் சொற்களை இங்கே இரவல் வாங்கினால் இரண்டு பக்கமும் குழப்பம். நாளைக்கு ஒருவர் “12ஆம் நூற்றாண்டுக் கருவறை” என்று தேடும்போது கில்பெக் என்ற ஆங்கிலக் கிராமத்துத் தேவாலயம் வந்து நிற்கும்.

அதைவிட முக்கியமான காரணம் ஒன்று இருக்கிறது. கூடியவரை விளக்கமாகச் சொல்கிறேன், ஏனென்றால் என் பரிந்துரை முழுக்க இதன்மேல்தான் நிற்கிறது.

இடைக்கால இங்கிலாந்தில் சான்சலையும், அதற்கு மேற்கே மக்கள் கூடும் பகுதியான நேவையும் பிரித்தது புனிதம் மட்டும் இல்லை. யார் செலவு செய்வது என்ற கேள்வியும் பிரித்தது. 13ஆம் நூற்றாண்டு வாக்கில் வழக்கம் உறுதிப்பட்டுவிட்டது: சான்சலின் கூரை, சுவர், சன்னல் எல்லாம் கோயில் வரும்படிக்கு உரியவரான ரெக்டரின் பொறுப்பு. விளைச்சலில் பத்தில் ஒரு பங்கை வாங்குகிறவர் அவர்தானே. நேவ் ஊர் மக்கள் பொறுப்பு. கூரை ஒழுகினால் ஊர்க்காரர்கள்தான் வசூல் செய்து சரிசெய்ய வேண்டும். இரண்டுக்கும் நடுவில் இருக்கிற வளைவுதான் எல்லை. ஆக, அந்த வளைவுக்கு இந்தப் பக்கம் ஒரு கணக்கு, அந்தப் பக்கம் ஒரு கணக்கு.

இதைக் கட்டடத்திலேயே பார்க்கலாம். லிங்கன்ஷரில் ஹெக்கிங்டன் என்ற ஊர்க் கோயிலின் சான்சல் 14ஆம் நூற்றாண்டுச் சிற்பவேலைக்குப் பேர்போனது. சுவரிலேயே குடைந்த குருமார் இருக்கைகள், பாத்திரம் கழுவும் மாடம், உயிர்ப்புப் பெருவிழாவுக்கான கல்லறை மாடம், அதன் அடியில் தூங்கிக்கொண்டிருக்கும் காவல் வீரர்கள். ஒரு கிராமத்துக்கு இது எப்படி வாய்த்தது? அங்கே ரெக்டராக இருந்த ரிச்சர்டு டி பாட்ஸ்கிரேவ் இரண்டாம் எட்வர்டு அரசனின் அரண்மனைக் குரு. கையில் பணம் இருந்தது, தன் பொறுப்பான பகுதியில் கொட்டினார். அவர் கல்லறையும் அந்தச் சான்சலின் சுவரில்தான் இருக்கிறது.

இதற்கு நேர் எதிர்ப் பக்கம் கார்ன்வாலில் உள்ள பாட்மின். அங்கே 1469 முதல் 1472 வரை கோயிலை எடுத்துக் கட்டியபோது எழுதிய கணக்கு இன்றும் இருக்கிறது. ஊரின் தொழிற்குழுக்கள், பக்தசபைகள் எல்லாம் சேர்ந்து பணம் கொடுத்திருக்கின்றன. தனியாட்கள் பெயர் பெயராக வருகிறார்கள். மரம் கொடுத்தவர், கல் கொடுத்தவர், கூலி வாங்காமல் வேலை செய்தவர் எல்லாருக்கும் அதில் இடம் உண்டு. கார்ன்வாலிலேயே மிகப் பெரிய பங்குக் கோயில் இப்படித்தான் எழுந்தது.

இரண்டு பணப்பைகள் இருந்ததால்தான் பல ஊர்களில் நேவ் உயர்ந்து, அகன்று, புதுச் சன்னல்களோடு 15ஆம் நூற்றாண்டின் பாணியில் நிற்கும். சான்சல் மட்டும் நூறு, இருநூறு ஆண்டு பழைய உருவத்தில், தாழ்ந்த கூரையோடு பின்னால் ஒட்டிக்கொண்டிருக்கும். வெளியே நின்று கூரை உயரத்தைப் பார்த்தாலே அந்த ஊரில் எந்தப் பக்கம் பணம் புழங்கியது என்று ஓரளவு ஊகிக்கலாம்.

இது பழங்கதையாகப் போய்விடவும் இல்லை. வாரிக்ஷரில் ஆஸ்டன் கேண்ட்லோ என்ற ஊர். புனித ஸ்நாபக அருளப்பர் (திருமுழுக்கு யோவான்) கோயில். சான்சல் 13ஆம் நூற்றாண்டைச் சேர்ந்தது. ஷேக்ஸ்பியரின் பெற்றோர் திருமணம் அங்கேதான் நடந்தது என்று மரபாகச் சொல்வார்கள். 1990களில் அந்தச் சான்சலைப் பழுதுபார்க்க வேண்டி வந்தது. 95,000 பவுண்டுக்கு மேல் ஆகும் என்று கணக்கிட்டு, கோயில் மன்றம் அந்தத் தொகையை ஊரில் ஒரு பண்ணை நிலத்தின் உரிமையாளர்களான கணவன் மனைவியிடம் கேட்டது. ஏன் அவர்களிடம்? பத்திலொரு பங்குக்குப் பதிலாக, பொதுநிலங்களை வளைத்துப் பங்கிட்ட காலத்தில் ரெக்டருக்கு ஒதுக்கிய நிலத்தில் ஒரு பகுதி அது. தானிய வரும்படி நிலமாக மாறியது, நிலம் கைமாறியது, ஆனால் சான்சலைப் பார்த்துக்கொள்ளும் கடன் நிலத்தோடு ஒட்டிக்கொண்டே வந்துவிட்டது. வழக்கு பிரபுக்கள் சபை வரை போனது. 2003 ஜூனில் தீர்ப்பு: கொடுக்கத்தான் வேண்டும். வேலைக்கான தொகை முடிவானபோது அது முதலில் கேட்டதைப் போல ஏறத்தாழ இரண்டு மடங்கு. அதற்கப்புறம், இப்படிப்பட்ட கடன் உள்ள நிலங்களை 2013 அக்டோபர் 13க்குள் பதிவு செய்யாவிட்டால் புதிதாக நிலம் வாங்குகிறவரை அது கட்டுப்படுத்தாது என்று விதி வந்தது.

அந்த வழக்கில் ஒரு செங்கல்லாவது நேவைச் சேர்ந்ததாக இருந்தால் அதற்கு அவர்கள் பொறுப்பில்லை. அவ்வளவு கறாரான எல்லை அது. இந்தப் பொருளை “கருவறை” தாங்காது. நமக்கு வேண்டியது கட்டடத்தின் ஒரு பகுதியைக் குறிக்கிற, தனியாகக் கூரையும் கணக்கும் உள்ளதைக் காட்டுகிற சொல்.

அதனால்தான் கோயில் சொற்களை விட்டுவிட்டு வீட்டுச் சொற்களிடம் போகலாம் என்கிறேன்.

நம் பழைய வீடுகளில் முதற்கட்டு, இரண்டாங்கட்டு, பின்கட்டு என்கிறோம். தனிக் கூரையோடு, தனிப் பயனோடு, ஒரே வீட்டின் பகுதியாக நிற்பது கட்டு. பீடம் இருக்கும் கட்டு என்பதால் சான்சலைப் பீடக்கட்டு என்று சொல்லலாம். “பீடக்கட்டின் கூரையை ரெக்டர் பார்த்துக்கொள்ள வேண்டும்” என்று எழுதிப் பாருங்கள், எங்கேயும் இடறவில்லை.

நேவுக்கு வெறும் கூடம் போதும். நடுக்கூடம் என்று சிலர் சொன்னீர்கள். இரண்டு பக்கமும் ஐல் என்ற பக்கப் பகுதி இருக்கும் பெரிய கோயிலுக்கு அது பொருந்தும். ஆனால் டர்ஹம் பகுதியில் எஸ்கம் என்ற கோயில் இருக்கிறது, 7ஆம் நூற்றாண்டு. உயரமான, ஒடுக்கமான ஒரே அறை, அதன் கிழக்கே ஒரு சின்னச் சதுரம், நடுவில் பழைய ரோமானியக் கல்லை எடுத்து வைத்துக் கட்டிய வளைவு. பக்கத்தில் ஒன்றுமே இல்லாத அறையை நடுக்கூடம் என்றால் எதற்கு நடு? ஊர்க்கூடம் என்ற பரிந்துரை எனக்கு மிகவும் பிடித்தது. அந்தக் காலத்து நேவில் ஊர்க்கூட்டம் நடந்தது, பள்ளிக்கூடம் நடந்தது, கோயிலுக்குப் பணம் சேர்க்க விருந்தும் வைத்தார்கள். நாம் இன்று நினைப்பதுபோல வரிசை வரிசையாகப் பெஞ்சும் தொடக்கத்தில் கிடையாது. பெரும்பாலானவர்கள் நின்றார்கள், முழங்காலிட்டார்கள். ஆனால் பேராலயங்களுக்கும் மடாலயங்களுக்கும் நேவ் உண்டு, அது ஊரார் சொத்து அல்ல. ஒரே சொல் எல்லாவற்றுக்கும் ஓட வேண்டும் என்றால் கூடம்தான் சரி.

ஐல் என்ற சொல் இலத்தீனில் சிறகு என்னும் சொல்லிலிருந்து வந்தது. தமிழில் அதற்குத் தனியாக யோசிக்கவே வேண்டாம். தெருவின் தென்சிறகு, வடசிறகு என்று தஞ்சை மாவட்டத்தில் இன்றும் வீட்டுக்கு அடையாளம் சொல்வார்கள். கூடத்தின் வடசிறகு, தென்சிறகு. இடைக்காலக் கோயில்களில் இந்தச் சிறகுகள் பெரும்பாலும் பிற்காலச் சேர்க்கை: ஊரில் மக்கள் பெருகினார்கள் அல்லது கம்பளி வணிகர் ஒருவர் பணம் கொடுத்தார் என்றால், கூடத்தின் பழைய சுவரை உடைத்து வளைவு வரிசை ஆக்கி, வெளியே ஒரு சிறகைக் கட்டிச் சேர்ப்பார்கள். “13ஆம் நூற்றாண்டில் வடசிறகு எடுத்தார்கள்” என்ற வாக்கியம் எனக்குத் தமிழாகவே ஒலிக்கிறது.

அடுத்தது ரூட் ஸ்கிரீன். இதற்குத் “சிலுவைத் திரை” என்று வந்திருக்கிறது. திரை என்றால் துணி என்றுதான் முதலில் தோன்றும். இது மரவேலை: கீழ்ப்பாதி ஓவியம் தீட்டிய பலகை, மேல்பாதி கண்ணறைகளாகச் செதுக்கிய சட்டம். கூடத்தில் நிற்பவர் பீடக்கட்டைச் சட்டங்களின் ஊடாகப் பார்ப்பார். குரு அப்பத்தை உயர்த்திக் காட்டும் அந்தக் கணம்தான் மக்களுக்கு முக்கியம். கிழக்கு ஆங்கிலியாவில் சில கோயில்களில் கீழ்ப்பலகையிலும் சிறு துளைகள் போட்டிருக்கிறார்கள், முழங்காலிட்டிருப்பவரின் கண்மட்டத்துக்கு.

இதற்கு நம்மிடம் கிராதி இருக்கிறது. தூத்துக்குடிப் பக்கம் பழைய ஆட்கள் பீடத்துக்கு முன்னால் இருந்த தடுப்பைக் கிராதி என்று சொல்லக் கேட்டிருக்கிறேன். அங்கே முழங்காலிட்டுத்தான் நன்மை (நற்கருணை) வாங்குவார்கள். போர்த்துக்கீசிய வழி வந்த சொல், பின்னல் தட்டி என்பது மூலப்பொருள். சான்சல் என்ற பெயரும் கிராதியைக் குறிக்கும் இலத்தீன் சொல்லிலிருந்தே பிறந்தது. ஆகவே சிலுவைக் கிராதி. அதன்மேல் ஆள் ஏறி நின்று பாடவும் மெழுகுதிரி ஏற்றவும் அமைத்த மாடியைக் கிராதிப் பரண் எனலாம். பரணுக்கும் மேலே நிற்பதுதான் ரூட்: சிலுவையில் தொங்கும் இயேசு, ஒரு பக்கம் மரியாள், மறுபக்கம் சீடர் அருளப்பர் (யோவான்). கத்தோலிக்கத் தமிழில் பாடுபட்ட சுரூபம் என்ற சொல் தயாராக இருக்கும்போது வேறு எதற்கு?

அந்தச் சுரூபங்களுக்குப் பின்னால் வளைவின்மேல் பெரும்பாலும் டூம் என்ற ஓவியம் இருக்கும். “இறுதி நாள் ஓவியம்” என்று எழுதியிருந்தீர்கள். பொதுத்தீர்வை என்று நம் பழைய ஞானோபதேசத்திலேயே இருக்கிறது. அதையே வைத்துக்கொள்வோம், பொதுத்தீர்வை ஓவியம்.

இதற்குத் தம்பி கட்டுரையில் கட்டாயம் சேர்க்க வேண்டிய சான்று சஃபோக்கில் வென்ஹாஸ்டன் என்ற ஊரில் இருக்கிறது. 1500ஐ ஒட்டிய காலத்தில் மரப்பலகைகளில் தீட்டிய பொதுத்தீர்வை. 16ஆம் நூற்றாண்டுச் சமயச் சீர்திருத்தத்தில் அதன்மேல் சுண்ணாம்பு அடித்துவிட்டார்கள். 1892இல் கோயிலைப் புதுப்பிக்கும்போது வெறும் வெள்ளைப் பலகை என்று நினைத்துக் கழற்றி வெளியே கல்லறைத் தோட்டத்தில் போட்டார்கள். இரவில் மழை. சுண்ணாம்பு கரைந்து முகங்கள் தெரிந்தன. வானவில்லின்மேல் உட்கார்ந்திருக்கும் கிறிஸ்து, தராசில் ஆன்மாக்களை நிறுக்கும் மிக்கேல், சாவியோடு இராயப்பர் (பேதுரு), ஓரத்தில் பெரிய மீன் வாய்போல் பிளந்த நரகம். இராயப்பர் வரவேற்பவர்கள் உடுப்பில்லாமல் நிற்கிறார்கள், ஆனால் அரசன் தலையில் முடி இருக்கிறது, ஆயர் தலையில் ஆயர்முடி இருக்கிறது. யார் யார் என்று தெரியவேண்டுமே. படத்தின் நடுவில் மூன்று இடங்கள் வண்ணமே இல்லாமல் வெறுமையாக இருக்கின்றன. ஒன்று சிலுவை வடிவம், மற்ற இரண்டும் நிற்கும் ஆள் வடிவம். மரச் சுரூபங்களைப் பொருத்திவிட்டு அவற்றைச் சுற்றி ஓவியர் வண்ணம் தீட்டியிருக்கிறார். சுரூபங்களைப் பிடுங்கி எறிந்தபின் அவை நின்ற இடம் மட்டும் அப்படியே தங்கிவிட்டது. பாடுபட்ட சுரூபம் எங்கே நின்றது, எவ்வளவு பெரியது என்பதை இதைவிடத் தெளிவாகக் காட்டும் சான்று எனக்குத் தெரிந்து இல்லை.

மற்றவற்றைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். பிசினா கழுவுமாடம், பாத்திரம் கழுவிய நீர் அதிலிருந்து நேரே மண்ணுக்குப் போகும். செடிலியா குருமார் இருக்கை, அதற்கு மேல் அலங்காரம் வேண்டாம். கிளியர்ஸ்டோரிக்கு மேற்சாளர வரிசை போதும். ஸ்குவிண்ட் என்பது சிறகில் நிற்பவருக்கும் பீடம் தெரிவதற்காகச் சுவரில் சாய்வாகக் குடைந்த துளை. பலகணி என்ற அழகான சொல் நம்மிடம் இருப்பதால் சாய்கணி என்று வைத்துப் பார்க்கிறேன்.

குறை இருந்தால் தயங்காமல் சொல்லுங்கள்.

அன்புடன்,
தூத்துக்குடியிலிருந்து

*

மறு: மறு: சான்சல், நேவ், ரூட் ஸ்கிரீன் – தமிழில்?

வணக்கம் அண்ணா.

கூடம், சிறகு இரண்டும் எனக்கு முழுச் சம்மதம். சாய்கணியையும் விடமாட்டேன். இரண்டு விசயம் கதைக்க வேண்டும்.

//பீடம் இருக்கும் கட்டு என்பதால் சான்சலைப் பீடக்கட்டு என்று சொல்லலாம்.//

இடைக்காலக் கோயிலில் பீடம் ஒன்றுதான் என்று இருந்தால் சரி. ஆனால் சிறகுகளிலும் பீடங்கள் இருந்தன, இறந்தவர்களுக்காகப் பூசை வைக்கப் பணம் எழுதிவைத்த சிற்றாலயங்களிலும் பீடங்கள் இருந்தன. நோர்ஃபோக்கில் ரான்வர்த் கோயிலின் கிராதியைப் பாருங்கோ. நடுவில் வாசல், அதற்கு இரு பக்கமும் கூடத்துப் பக்கமாகவே ஒவ்வொரு பீடம் இருந்திருக்கிறது; கிராதியின் ஓவியப் பலகைகள்தான் அந்தப் பீடங்களுக்குப் பின்னணி. அப்படியென்றால் கூடத்திலும் பீடம், கட்டிலும் பீடம். பெயர் எதைச் சுட்டும்? தலைக்கட்டு என்று வைக்கலாமோ என்று யோசித்தேன், தலைப்பீடம் இருக்கிற இடம் என்பதால்.

மற்றது, தலைப்பிலேயே இருக்கிற பங்கு. இன்றைய கத்தோலிக்க வழக்கில் பங்கு, பங்குத் தந்தை, பங்குப் பேரவை எல்லாம் சரி. திருநெல்வேலிச் சீர்திருத்த சபையார் சேகரம் என்பார்கள். ஆனால் இடைக்கால இங்கிலாந்தில் பங்கு, அதாவது பரிஷ் என்றால் விசுவாசிகளின் கூட்டம் மட்டுமல்ல, எல்லை போட்ட நிலம். அந்த எல்லைக்குள் விளைகிறதில் பத்தில் ஒன்று அந்தக் கோயிலுக்கு. 1538இல் திருமுழுக்கு, திருமணம், அடக்கம் மூன்றையும் ஒவ்வொரு பரிஷும் ஏட்டில் பதிய வேண்டும் என்று தோமஸ் குரொம்வெல் கட்டளை போட்டார். 1601 ஏழையர் சட்டத்தில் ஊர் ஏழைகளைப் பார்க்கிற பொறுப்பும் பரிஷின் தலையில் விழுந்தது. பின்னால் இப்படி அரசாங்க வேலை எல்லாம் அதன்மேல் ஏறியதற்குக் காரணம் ஏற்கெனவே எல்லை தெளிவாக இருந்ததுதான்.

எங்கள் பக்கம் இதற்கு நேரான சொல் கோயிற்பற்று. போத்துக்கேயர் காலத்தில் யாழ்ப்பாணத்தைக் கோயிற்பற்றுகளாகப் பிரித்தார்கள். ஒல்லாந்தர் அதையே வைத்துக்கொண்டு கோயிலோடு பள்ளிக்கூடமும் நடத்தினார்கள், திருமுழுக்கும் திருமணமும் பள்ளித் தோம்பு என்ற பதிவேட்டில் பதிந்தார்கள், காணித் தோம்பையும் கோயிற்பற்று வாரியாக எழுதினார்கள். கோயில், நிலம், பதிவு மூன்றும் சேர்ந்த அலகு அது. புதிதாகச் சொல் செய்ய வேண்டியதில்லை, இருக்கிறதை எடுத்தால் போதும்.

அன்புடன்,
யாழ்ப்பாணத்திலிருந்து

*

மறு: மறு: மறு: சான்சல், நேவ், ரூட் ஸ்கிரீன் – தமிழில்?

அக்காவுக்கு மிக்க நன்றி. கோயிற்பற்று என்ற சொல்லைப் படித்ததும் மனம் நிறைந்துவிட்டது. இவ்வளவு பொருத்தமான சொல்லை வெளியே தேடியிருந்தால் கிடைத்திருக்காது. கட்டுரையில் வரலாற்றுப் பகுதி முழுக்கக் கோயிற்பற்று என்றும், இன்றைய வழிபாட்டுச் சமூகத்தைச் சொல்லும்போது மட்டும் பங்கு என்றும் எழுதலாம் என்று முன்மொழிகிறேன். பங்குக் கோயில் என்ற பெயர் தமிழ்நாட்டில் எல்லாருக்கும் பழக்கம் என்பதால் தலைப்பில் அது இருக்கட்டும்.

பற்று கிடைத்ததால் இன்னொரு முடிச்சும் அவிழ்கிறது. ரெக்டரைப் “பங்குக் குரு” என்று தம்பி எழுதியிருந்தார். ஆனால் ரெக்டர் குருவாக இருந்தே ஆகவேண்டும் என்பதில்லை. இடைக்காலத்தில் கோயிற்பற்றுகள் பலவற்றின் வரும்படியை மடங்கள் தங்கள் பெயருக்கு மாற்றிக்கொண்டன. அப்போது மடமே ரெக்டர். பூசை வைக்கவும் சாவுக்கு வரவும் ஆள் வேண்டுமே, அதற்கு ஒருவரை நியமித்தார்கள். அவர்தான் விகார், பதிலாள் என்றே பொருள். தானியம், வைக்கோல்புல் போன்ற பெரிய வரும்படி மடத்துக்குப் போகும். கோழி, முட்டை, தோட்டக் காய் போன்ற சில்லறை வரும்படி விகாருக்கு. எட்டாம் ஹென்றி 1536 முதல் 1540 வரை மடங்களைக் கலைத்தபோது இந்த உரிமைகள் அரசன் கைக்கு வந்து, அங்கிருந்து விற்பனையாகி, கோயிலோடு சம்பந்தமே இல்லாத நிலக்காரர்களிடம் போயின. ஆஸ்டன் கேண்ட்லோ தம்பதி வந்து நின்றது அந்த வரிசையின் கடைசியில்தான். எனவே ரெக்டருக்குப் பற்றுரிமையாளர் என்று வைத்தால் மடத்துக்கும் குருவுக்கும் பண்ணைக்காரருக்கும் சேர்த்துப் பொருந்தும். விகாருக்குப் பதிற்குரு.

இப்போது பீடக்கட்டு. அக்கா சொல்வது உண்மை, பீடங்கள் பல. ரான்வர்த் மிக நல்ல சான்று. ஆனால் தலைக்கட்டு வேண்டாம் என்று கேட்டுக்கொள்கிறேன். தமிழ்நாட்டு ஊர்களில் அது ஏற்கெனவே குடும்பக் கணக்கு. கோயில் கொடைக்குத் தலைக்கட்டுக்கு இவ்வளவு என்றுதான் வரி போடுவார்கள். பணப் பொறுப்பைப் பற்றியே பேசும் கட்டுரையில் அந்தச் சொல் வந்தால் ஊர்மக்கள் கொடுத்த வரி என்று நேர்மாறாக அர்த்தமாகிவிடும்.

பீடக்கட்டு என்பதில் அடையாளம் காட்டுவது பீடம் மட்டுமில்லை, கட்டும்தான். கூடத்திலும் சிறகிலும் இருந்த பீடங்களுக்குத் தனிக் கட்டு கிடையாது; அவை கூடத்துக்குள் வைத்தவை. தனிக் கூரையும் தனிச் சுவரும் பீடத்துக்காகவே எழுப்பியது கிழக்குப் பகுதி மட்டும். தெளிவு தேவைப்படும் இடத்தில் அங்கே இருப்பதைத் தலைப்பீடம் என்றும் மற்றவற்றைச் சிறகுப் பீடம், கிராதிப் பீடம் என்றும் சொல்லிவிட்டால் குழப்பம் தீர்ந்தது. அக்கா குறிப்பிட்ட சிற்றாலயங்கள் சில தனியாகவே வெளியே கட்டப்பட்டவைதான், ஆனால் சிற்றாலயம் என்ற பெயர் அவற்றுக்கு இருக்கிறது.

சீர்திருத்தத்துக்குப் பின் நடந்ததையும் இந்தச் சொற்களில் எழுதிப் பார்த்தேன்: ஆறாம் எட்வர்டு காலத்தில் பாடுபட்ட சுரூபங்களை இறக்கினார்கள். மேரி அரசி காலத்தில் திரும்ப ஏற்றினார்கள். எலிசபெத் வந்தபின் மறுபடி இறக்கினார்கள். 1561இல் வந்த ஆணை கிராதிப் பரணைப் பிரித்துவிடச் சொன்னது, ஆனால் கூடத்துக்கும் பீடக்கட்டுக்கும் நடுவே கிராதி இருக்கவேண்டும் என்றது. அதனால்தான் இன்று பல ஊர்களில் கிராதி நிற்கிறது, பரண் இல்லை. பரணுக்கு ஏறிப்போகச் சுவருக்குள் கட்டிய குறுகிய படிக்கட்டு மட்டும் மிஞ்சி, மேலே எங்கேயும் சேராத ஒரு வாசலில் போய் முடியும். அப்படி ஒரு வாசலை ஆங்கிலேயக் கிராமக் கோயிலின் படத்தில் பார்த்தால் இனி நமக்கு அடையாளம் தெரியும். பத்தி முழுக்க ஒரு ஆங்கிலச் சொல்லும் வேண்டியிருக்கவில்லை.

ஒன்று மீதி இருக்கிறது. தம்பியின் பட்டியலில் கடைசியாக லிச்கேட். கல்லறைத் தோட்டத்து நுழைவாயிலில் கூரை போட்டு, சவத்தை இறக்கி வைத்துக் குருவுக்காகக் காத்திருக்கும் இடம். 1549 செபநூலும் குரு அந்த வாசலுக்கு வந்து சவத்தை எதிர்கொள்ள வேண்டும் என்கிறது. லிச் என்றால் பழைய ஆங்கிலத்தில் பிணம். பிணவாசல் என்று அப்படியே சொல்ல எனக்குக் கை வரவில்லை. பாடைவாசல் எனலாம், இல்லை, நம் கடற்கரைக் கோயில்களில் சவம் தூக்கும் பெட்டியைத் தூம்பா என்போமே, அதை வைத்துத் தூம்பாவாசல் எனலாம். நான் தூம்பாவாசல் பக்கம். ஆனால் அந்தச் சொல் கத்தோலிக்கர் அல்லாதவர்களுக்கு எவ்வளவு தூரம் தெரியும் என்பதைத் தஞ்சை, கோவை நண்பர்கள்தான் சொல்ல வேண்டும். யாழ்ப்பாணத்தில் இதை எப்படிச் சொல்கிறீர்கள் அக்கா? உங்கள் பதிலைப் பார்த்துவிட்டுத் தம்பி கட்டுரையில் ஏற்றட்டும். மற்றச் சொற்களை இப்போதே போட்டுவிடலாம்.

அன்புடன்,
தூத்துக்குடியிலிருந்து